பார்வதி ஏன் ஊருக்குத் திரும்ப வேண்டும்?

கடலோரன்:
பாயல் கபாடியாவின் 'ஆல் வி இமேஜின் ஆஸ் லைட்' படத்தை நேற்று மறுபடியும் பார்த்தேன். 2024 கான் திரைப்பட விழாவில் கிராண்ட் பிரி விருது வாங்கிய படம், மும்பை மழையையும் ரயிலையும் இவ்வளவு நெருக்கமாக நான் வேறெங்கும் பார்த்ததில்லை, அதெல்லாம் சரி. ஆனால் ஆஸ்பத்திரியில் சமைக்கும் பார்வதி விஷயத்தில் எனக்கு மனசு ஆறவே இல்லை. கணவர் மில் தொழிலாளி, இறந்துவிட்டார். வீட்டுக்குப் பத்திரம் இல்லை என்று பில்டர் விரட்ட, அவள் மூட்டையைக் கட்டிக்கொண்டு ரத்னகிரிப் பக்கம் ஊருக்குப் போய்விடுகிறாள். அப்புறம் கடல், காற்று, ஆறுதல். 1982ல் தொழிற்சங்கத் தலைவர் தத்தா சாமந்த் பின்னால் சுமார் இரண்டரை லட்சம் மில் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்த நகரம் இது. அந்த வழியில் வந்தவள் இப்படிப் போவாளா?

பரேல்வாசி:
போவாள். போனவர்களைப் பார்த்திருக்கிறேன். மும்பையின் மில் பகுதியான லால்பாகில் ஒரு சாலில், அதாவது வரிசையாக ஒற்றை அறைகள் கொண்ட தொழிலாளர் குடியிருப்பில், ஆறு வருஷம் குடியிருந்தேன். எதிர் அறைப் பாட்டி வாடகைப் பாவ்தி, அதாவது ரசீது, அத்தனையையும் தகரப் பெட்டியில் போட்டுத் தலைமாட்டில் வைத்துத்தான் தூங்குவார். அதுவும் எல்லாம் இறந்துபோன கணவர் பேரில். நீங்கள் சொல்லும் வேலைநிறுத்தம் முறையாக முடித்துக்கொள்ளப்படவே இல்லை. மில் நிலத்தில் புதிதாகக் கட்டுவதற்கான 1991 அரசு விதி, அதில் மூன்றில் ஒரு பங்கு மாநகராட்சிக்கு, இன்னொரு பங்கு பொது வீட்டு வசதிக்கு என்றது. 2001ல் அதைக் காலி நிலத்துக்கு மட்டும் என்று சுருக்கினார்கள், 2006ல் உச்ச நீதிமன்றமும் ஏற்றுக்கொண்டது. சங்கங்களே தோற்ற இடத்தில் பாவ்தி இல்லாத ஒரு விதவை எத்தனை நாள் நிற்பாள், சொல்லுங்கள்.

இரவுப்பணி:
நீங்கள் இருவரும் வீட்டைப் பற்றியே பேசுகிறீர்கள். நானும் நர்ஸ். ஜெர்மனியிலிருந்து வந்த சோறு வடிக்கும் குக்கரை படத்தில் வரும் நர்ஸ் பிரபா ராத்திரியில் தரையில் உட்கார்ந்து கட்டிப்பிடித்துக்கொள்வாளே, அங்கே நான் அழுதுவிட்டேன். படம் தொடங்கும்போது வரும் குரல்களையும் கேளுங்கள், எத்தனை வருஷம் இருந்தும் இதை என் ஊர் என்று சொல்லப் பயம் என்கிறது ஒன்று. எனக்கு இங்கே பதினொரு வருஷம், நாலு வாடகை வீடு. பார்வதிக்காவது திரும்பிப் போக ஓர் ஊர் இருக்கிறது.

கடலோரன்:
தகரப் பெட்டியை நான் யோசிக்கவில்லை, ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் பார்வதியும் பிரபாவும் இருட்டில் பில்டரின் விளம்பரப் பலகை மேல் கல்லெறிகிறார்களே, எனக்குப் படமே அதுதான். அந்தக் கோபத்தோடு இன்னும் கொஞ்ச நேரம் நகரத்திலேயே இருந்திருக்கலாம். அவளை ஊருக்கு அனுப்ப அவ்வளவு அவசரம் எதற்கு?