சதவீதக் கணக்கு: பின்னோக்கிப் போவதை எப்படிப் புரியவைப்பது?

வணக்கம். எட்டாவது படிக்கும் மகளுக்கு வாழ்வியல் கணிதம் சொல்லித்தருகிறேன். 20% தள்ளுபடி, அதன்மேல் இன்னொரு 10% என்றால் 0.8 × 0.9 = 0.72, ஆக மொத்தத் தள்ளுபடி 28% தான், 30% இல்லை என்பது அவளுக்குப் பளிச்சென்று புரிந்துவிட்டது. நகைக் கணக்கும் போட்டுவிட்டாள்: செய்கூலி 12%, அதற்கும் மேல் ஜிஎஸ்டி 3%, அதாவது 1.12 × 1.03 = 1.1536.

சிக்கல் பின்னோக்கிப் போகும்போதுதான். பில் 57,680 ரூபாய் என்றால் தங்கத்தின் விலை என்ன? 1.1536-ஆல் வகுத்தால் 50,000. “ஏன் 15.36% கழிக்கக் கூடாது?” என்கிறாள். கழித்தால் சுமார் 48,820 தான் வருகிறது. நல்ல கேள்வி, ‘விதி அப்படித்தான்’ என்று வாயை அடைக்க மனமில்லை. கணக்கு டீச்சர்கள் யாராவது இதை வகுப்பில் எப்படி விளக்குகிறீர்கள் என்று சொல்லுங்களேன். படம் போட்டு விளக்க வழியிருந்தால் இன்னும் நல்லது.