யோசெஃப் காரோவின் சட்ட நூல் எல்லா யூதருக்கும் பொதுவானது எப்படி?

யாங்கோன் வாசகர்:
அனைவருக்கும் வணக்கம். 26ஆம் தெருவிலுள்ள முஸ்மியா யெசுவா யூத ஆலயத்தைக் கடக்கும்போதெல்லாம், பாக்தாத் வழிவந்த அச்சமூகத்தார் தம் அன்றாட நெறிக்கு எந்த நூலை நாடினர் என்று அறிய ஆவல் எழும். தேடிப் படித்தால் 16ஆம் நூற்றாண்டு ரப்பி (யூத சமய அறிஞர்) யோசெஃப் காரோவின் 'சுல்ஹான் அரூக்' என்னும் சட்டத் தொகுப்பு முன்னே நிற்கிறது. தனியொருவர் தொகுத்த நூல், பல நாடுகளில் சிதறி வாழ்ந்த மக்களுக்குச் சட்டமானது எப்படி?

மோல்மீன் ஆசிரியர்:
ஐயா, அந்தச் சிதறலே காரணம். 1488இல் பிறந்த காரோ, 1492இல் ஸ்பெயின் யூதர்களை வெளியேற்றியபோது சிறு குழந்தை. அகதிகள் ஒட்டோமான் நகரங்களில் ஒன்றாகக் குடியேறியதும், ஒவ்வொரு கூட்டத்தாரும் தத்தம் ஊர் வழக்கையே சட்டம் என்றனர். காரோ 1522இல் அதிரியனோப்பிளில் 'பேத் யோசெஃப்' என்னும் பேருரையைத் தொடங்கி, ஒவ்வொரு விதியையும் யூதச் சட்ட விவாதங்களின் மூலநூலான தல்மூதிலிருந்து தம் காலம் வரை தொடர்ந்து ஆராய்ந்து, 20 ஆண்டுகளுக்குப் பின் கலிலேயாவின் சஃபேத் நகரில் முடித்தார். அவருக்கு முந்திய பெரும் சட்ட அறிஞர்களான அல்ஃபாசி, மைமோனிடஸ், ஆஷெர் ஆகிய மூவரில் இருவர் ஒத்துரைத்ததையே பெரும்பாலும் தீர்ப்பாகக் கொண்டார். 1565இல் வெனிசில் அச்சேறிய சுல்ஹான் அரூக் அதன் சாரம் மட்டுமே. சாரத்தை மட்டும் படித்துவிட்டு அவரை வெறும் விதி எழுதியவராக மதிப்பது பெரும் அநீதி என்பேன்.

தட்டோன் மாணவி:
ஆசிரியர் ஐயா சொல்வது சரியே. ஆனால் நூல் பொதுவானதில் போலந்தின் கிராக்கோ நகர ரப்பி மோசஸ் இசர்லெஸுக்கும் சமபங்கு உண்டு. போலந்து, ஜெர்மனி யூதரின் வழக்கங்கள் விடுபட்டதைக் கண்ட அவர், போட்டி நூல் எழுதாமல், காரோவின் வரிகளுக்கிடையே தம் குறிப்புகளைச் சேர்த்தார். வாக்கியப் பஞ்சாங்கமும் திருக்கணிதமும் ஒரே ஏட்டில் அச்சானால் எப்படியோ அதுபோல, ஸ்பெயின் வழிவந்தோரும் போலந்து, ஜெர்மனி வழிவந்தோரும் ஒரே பக்கத்தில் தத்தம் வழியைக் கண்டுகொண்டனர். தல்மூதைக் கற்காமல் சுருக்க நூலைக் கொண்டு தீர்ப்புச் சொல்லக் கூடாது என்று பிராக் நகர ரப்பி மகரால் எதிர்த்ததையும் மறக்கலாகாது, அக்கவலை நியாயமானது.

யாங்கோன் வாசகர்:
இருவருக்கும் நன்றி. தேவகுரல் ஒன்று காரோவோடு பேசியதாகப் படித்தேன். இத்தகைய சட்ட அறிஞருக்கு அது பொருந்துமா?

மோல்மீன் ஆசிரியர்:
பொருந்தும் ஐயா. அக்குரல் சொன்னவை அவர் மறைவுக்குப் பின் 'மகித் மேஷாரிம்' என்று நூலாயின. ஆயினும் சட்டத்தில் அவர் காட்டும் சான்று நூல்களே, அக்குரல் அல்ல. 1532இல் இத்தாலியின் மந்துவாவில் தம் யூத நம்பிக்கைக்காக எரிக்கப்பட்ட சாலமோன் மோல்கோவைப் போலத் தாமும் இறைவனுக்காகத் தீயில் மடிய வேண்டும் என்று ஏங்கினார். குரலும் அதையே வாக்களித்தது. நடந்தது வேறு: 1575இல், 87 வயதளவில், சஃபேத்திலேயே காலமானார்.