புதுப்பிப்பு: முகநூல் அவதூறுக்குப் பொதுநல வழக்கு போட முடியுமா?

குடியிருப்போர் சங்கப் பணத்தை நான் கையாடியதாக ஒருவர் முகநூலில் எழுதியதற்குச் சென்னை உயர் நீதிமன்றத்தில் பொதுநல வழக்கு போடலாமா என்று கேட்டிருந்தேன். வேண்டாம் என்று தடுத்தவர்களுக்கும், நடுவர் (மாஜிஸ்திரேட்) நீதிமன்றத்தில் தனிநபர் புகார் கொடுக்கச் சொன்னவருக்கும் மனமார்ந்த நன்றி. நீங்கள் சொன்னதுதான் சரி.

அதையும் மீறி நான் போட்ட பொதுநல மனுவுக்கு வழக்கு எண்ணே தரப்படவில்லை. ஏற்கத்தக்கதா என்ற விசாரணையிலேயே திரும்பப் பெற வேண்டியதாயிற்று. காரணம் எளிது: வழக்கில் தனக்குச் சொந்த நலன் இல்லை என்று மனுதாரர் பிரமாணப் பத்திரத்தில் சொல்ல வேண்டும். அவதூறுக்கு ஆளானவரே அப்படிச் சொல்ல வழியில்லை.

பிறகு பாரதிய நியாய சன்ஹிதா (புதிய தண்டனைச் சட்டம்) பிரிவு 356-இன் கீழ் அவதூறுப் புகார். இது பிடியாணையின்றிக் கைது செய்யும் குற்றமல்ல. காவல் நிலையத்தில் நேரடியாக முதல் தகவல் அறிக்கை போடமாட்டார்கள். பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) பிரிவு 222-இன்படி பாதிக்கப்பட்டவர்தான் புகார் தர வேண்டும்.

எதிர்பாராதவை இரண்டு. புகாரை நீதிமன்றம் கோப்பில் எடுக்கும் முன்பே எதிர்த்தரப்புக்கும் வாய்ப்புத் தர வேண்டும் (அதே சட்டம், பிரிவு 223); இதனால் மாதக்கணக்கில் இழுக்கிறது. அடுத்தது, வெறும் ஸ்கிரீன்ஷாட் போதாது. பாரதிய சாக்ஷ்ய அதினியம் (புதிய சாட்சியச் சட்டம்) பிரிவு 63-இன் சான்றிதழ் வேண்டும்: ‘அ’ பகுதியில் நம் கையெழுத்து, ‘ஆ’ பகுதியில் நிபுணர் கையெழுத்து, கூடவே கோப்பின் ஹாஷ் மதிப்பு (கோப்பு மாற்றப்படவில்லை என்று காட்டும் குறியீடு). பதிவை எழுதியவர் அழிக்கும் முன் இதை முடித்துவிடுங்கள்.

நஷ்டஈடு கேட்பதானால் உரிமையியல் வழக்குக்குக் கெடு, பதிவு வெளியான நாளிலிருந்து 1 வருடம்தான். பொதுநல மனுவில் செலவான நாட்கள் இந்தக் கெடுவில் கணக்கிடாமல் விடப்படும் என்று நம்பி இருக்காதீர்கள். குற்றப் புகாருக்கு 3 வருடம்.