வளவு முற்றத்தில் பலவண்ணக் குருவி, பறக்கவில்லை. என்ன பறவை, என்ன செய்வது?

கானாடுகாத்தான்வாசி (வெள்ளி, காலை 6.50)

வணக்கம். கொஞ்சம் அவசரம். விடிகாலையில் எழுந்த அப்பத்தா, எங்கள் செட்டிநாட்டு வீட்டின் வளவு (உள்கட்டு) முற்றத்தின் ஓரத்தில் ஒரு குருவி உட்கார்ந்திருப்பதைப் பார்த்துக் கூப்பிட்டார்கள். ராத்திரி நல்ல மழை. அடுத்த வாரம் வீட்டில் கல்யாணம், அதனால் முகப்பு முழுக்க சீரியல் லைட் விடிய விடிய எரிந்தது.

மைனாவைவிடச் சின்னது, ஆனால் குண்டு. வால் இருக்கிறதா என்றே சந்தேகம், அவ்வளவு குட்டை. முதுகு பச்சை, வயிறு சந்தன நிறம், வாலுக்கு அடியில் நல்ல சிவப்பு. கண்ணுக்கு மை தீட்டி இழுத்துவிட்டது போல அலகிலிருந்து பிடரி வரை கறுப்புப் பட்டை. தொண்டை வெள்ளை, சிறகில் பளிச்சென்று ஒரு நீலத் துண்டு. கால் நீளம். கிட்டப் போனால் இரண்டு தத்து தத்தி நின்றுவிடுகிறது, பறக்கவில்லை. படம் சேர்த்திருக்கிறேன், கை நடுங்கியதால் தெளிவில்லை.

இது என்ன? தண்ணீர், அரிசி ஏதாவது வைக்கலாமா? வீட்டுப் பூனை இரண்டு பட்டாலையில் சுற்றிக்கொண்டிருக்கின்றன, தூணுக்குப் பின்னால் நின்று காவல் காக்கிறேன்.

பள்ளத்தூரான் (7.05)

நீலமும் பச்சையும் என்றால் சிச்சிலியாக இருக்கும். மீன்கொத்தி. பக்கத்தில் ஊருணி இருக்கிறதா? இல்லையென்றால் பனங்காடை.

செம்புறைக்கல் (7.12)

இரண்டும் இல்லை அண்ணே. சிச்சிலிக்கு அலகு கட்டாரி மாதிரி நீளமாக இருக்கும், காலோ இருக்கிற இடமே தெரியாது. பனங்காடை கரண்டுக் கம்பியில் உட்காரும் பறவை, இதைவிடப் பெரியது. படம் மங்கல்தான், ஆனாலும் உச்சந்தலையில் வெளிர்பழுப்புக்கு நடுவே ஒரு கறுப்புக் கோடு தெரிகிறது பாருங்கள். அந்தக் கோடு, கண்பட்டை, குட்டை வால், வாலடிச் சிவப்பு. சந்தேகமே வேண்டாம், ஆறுமணிக்குருவி. தோட்டக்கள்ளன் என்றும் பொன்னுத்தொட்டான் என்றும் சொல்வார்கள். வடக்கே நவரங். ஆங்கிலத்தில் இந்தியன் பிட்டா.

கானாடுகாத்தான், முதலில் பூனைகளை அறைக்குள் போட்டுக் கதவைச் சாத்துங்கள். அப்புறம் ஒரு அட்டைப்பெட்டி எடுத்து, பக்கவாட்டில் பென்சிலால் நாலைந்து ஓட்டை போட்டு, அடியில் சொரசொரப்பான பழைய துண்டு ஒன்றை விரியுங்கள். ஆத்தங்குடித் தரைக்கல்லின் வழவழப்பில் அதற்குக் கால் ஊன்ற முடியாது, அதனாலும் தத்தாமல் நிற்கலாம். மெல்லிய துணியை மேலே போட்டு, சிறகு உடம்போடு ஒட்டியிருக்கும்படி இரண்டு கையாலும் தூக்கிப் பெட்டிக்குள் வையுங்கள். மூடி, ஆள் நடமாட்டமில்லாத இரண்டாங்கட்டு அறையில் வைத்துவிடுங்கள்.

அரிசி வேண்டாம். அது தானியம் தின்னும் குருவி இல்லை. வாயில் தண்ணீர் ஊற்றவே வேண்டாம், மூச்சுக்குழலில் போய்விடும்.

பள்ளத்தூரான் (7.20)

பிழைத்தால் கூண்டில் போட்டு வளர்க்கலாமே, கல்யாண வீட்டுக்கு அழகாக இருக்கும்.

செம்புறைக்கல் (7.24)

கூண்டு என்ற பேச்சே வேண்டாம் அண்ணே. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி நம் நாட்டுக் காட்டுப்பறவையைப் பிடித்து வைப்பது குற்றம். சட்டம் இருக்கட்டும், அது தின்பது மண்புழு, கரையான், வண்டுப்புழு. தினம் யார் தோண்டிக் கொடுப்பது?

கானாடுகாத்தான்வாசி (7.50)

பெட்டியில் வைத்துவிட்டேன். கையில் எடுத்தபோது கனமே இல்லை. இரண்டு சிறகும் ஒரே மாதிரி மடிந்திருந்தன, ரத்தம் எதுவும் இல்லை. கண் மட்டும் பாதி மூடியபடி இருந்தது. இந்தக் குருவியை இதுவரை நான் பார்த்ததே இல்லை, வீட்டுக்குள் எப்படி வந்தது?

கொழும்பிலிருந்து (8.15)

எங்கட பக்கமும் இப்ப இதுதான் கதை. ஒவ்வொரு வருசமும் இந்தக் காலத்தில யாராவது ஒருத்தர் வீட்டு விறாந்தையில விழுந்து கிடக்குது எண்டு படம் போடுவினம். விழுந்தது களைப்பிலதான், கொஞ்சம் இருட்டில விட்டா எழும்பிவிடும். பயப்பட வேண்டாம்.

செம்புறைக்கல் (8.40)

கொழும்புக்காரர் சொல்வது சரி. இந்தக் குருவிகள் முட்டையிடுவது வடக்கே, இமயமலை அடிவாரத்திலும் நடு இந்தியக் காடுகளிலும். ஆனி, ஆடி மழையில் அங்கே குஞ்சு பொரித்துவிட்டு, குளிர் தொடங்கும் முன் தெற்கே கிளம்பும். புரட்டாசிக் கடைசியிலிருந்து கார்த்திகை வரை நம் ஊரில் இறங்கும், சில இலங்கை வரை போகும், சித்திரை வாக்கில் திரும்பும்.

பயணம் ராத்திரியில். பகலில் தரையை விட்டு எழும்பவே யோசிக்கிற பறவை, இருட்டில் அவ்வளவு தூரம் பறக்கிறது. மேகமும் மழையுமான இரவில் கீழே பெரிய வெளிச்சம் தெரிந்தால் திசை குழம்பி இறங்கிவிடும். இறங்கிய பிறகு கண்ணாடி என்று தெரியாமல் மோதும். உங்கள் முகப்பில் வண்ணக் கண்ணாடி ஜன்னல் இருக்கும், நிலைக்கண்ணாடியும் இருக்கும், மேலே சீரியல் லைட் வேறு. மோதி மயங்கி, திறந்த முற்றம் வழியாக உள்ளே வந்திருக்க வேண்டும். கல்யாணம் முடியும் வரை ராத்திரி பத்து மணிக்கு மேல் விளக்கை அணைத்துவிடுங்கள், மின்சாரமும் மிச்சம்.

இரண்டு மூன்று மணி நேரம் கழித்துப் பெட்டியை லேசாகத் திறந்து பாருங்கள். கண் முழுசாகத் திறந்து, நிமிர்ந்து நின்றால் நல்லது. ஒரு சிறகு தொங்கினாலோ, தலை ஒரு பக்கம் சாய்ந்தே இருந்தாலோ வனத்துறைக்குச் சொல்லிவிட்டு கால்நடை மருத்துவரிடம் கொண்டுபோக வேண்டும்.

தேவகோட்டை ரஸ்தா (9.30)

சரியாகிவிட்டால் வேட்டங்குடிக்குக் கொண்டுபோய் விடலாமே? நம் மாவட்டத்திலேயே பறவைகள் சரணாலயம் இருக்கிறதே.

செம்புறைக்கல் (9.41)

நல்ல எண்ணம்தான், ஆனால் இடம் பொருந்தாது. வேட்டங்குடி 1977இல் அறிவித்த கண்மாய்ச் சரணாலயம். அங்கே வருவது நத்தைகுத்தி நாரை, கொக்கு, நீர்க்காகம், வாத்து. கொள்ளுக்குடிப்பட்டிக்காரர்கள் தீபாவளிக்கு வெடி போடாமல் காப்பாற்றுவது அந்த நீர்ப்பறவைகளைத்தான். ஆறுமணிக்குருவிக்கு வேண்டியது தண்ணீர்ப் பரப்பு இல்லை. மேலே நிழல், நடுவில் புதர், கீழே காய்ந்த இலை மெத்தை. இந்த மூன்றும் இருந்தால் காடு, கோயில்காடு, வீட்டுத் தோட்டம் எல்லாம் அதற்கு ஒன்றுதான்.

நம் பக்கத்தில் அப்படி மிச்சமிருப்பது பழைய வறண்ட பசுமைமாறாக் காட்டின் துண்டுகள். வீரை, காசான், குருந்து, நாவல் என்று இடுப்பளவு புதரோடு அடர்ந்திருக்கும். சில ஐயனார் கோயில் காடுகளில் பார்க்கலாம். காரைக்குடியிலிருந்து தேவகோட்டை போகிற வழியில் சங்கரபதிக் காடு இருக்கிறது. ஏக்கர் ஏக்கராகத் தைலமரம் நட்டிருக்கிறார்களே, தூரத்திலிருந்து பார்த்தால் அதுவும் பச்சைதான். உள்ளே போனால் புதர் கிடையாது, விழுந்த இலை சீக்கிரம் மக்காது, புழு பூச்சியும் குறைவு. இந்தக் குருவிக்கு அங்கே வேலை இல்லை.

உங்கள் வீட்டுப் பின்பக்கம் தோட்டம் எப்படி, கானாடுகாத்தான்?

கானாடுகாத்தான்வாசி (மதியம் 1.20)

இரண்டு மாமரம், ஒரு நாவல், கறிவேப்பிலைப் புதர், பெயர் தெரியாத செடி நிறைய. யாரும் போவதில்லை, இலை கணுக்கால் வரை கிடக்கிறது. குருவி இப்போது கண் திறந்து நிற்கிறது. மூடியைத் தூக்கியதும் என்னைப் பார்த்து வாலை மேலும் கீழும் மெதுவாக ஆட்டியது!

செம்புறைக்கல் (1.32)

வாலை ஆட்டியதா, அப்படியென்றால் தேறிவிட்டது. அந்தத் தோட்டத்திலேயே விடுங்கள். வெயில் தாழ்ந்து, இருட்ட ஒரு மணி நேரம் இருக்கும்போது பெட்டியைப் புதர் ஓரமாகப் படுக்க வைத்துத் திறந்துவிட்டு விலகி நில்லுங்கள். கையால் மேலே தூக்கி வீச வேண்டாம், சினிமாவில்தான் அப்படி.

கானாடுகாத்தான்வாசி (ஞாயிறு, மாலை 6.30)

வெள்ளிக்கிழமை சாயங்காலம் விட்டோம். பெட்டியிலிருந்து தத்தி இறங்கி நேராகக் கறிவேப்பிலைக்குள் போய்விட்டது. நேற்று காணவில்லை. இன்று காலை பின்கட்டு ஜன்னலில் இருந்து பார்த்தேன். இலையைக் காலால் கிளறவில்லை, அலகால் ஒவ்வொன்றாகப் பக்கத்தில் தூக்கிப் போடுகிறது. அப்புறம் தலையைச் சாய்த்து அசையாமல் நிற்கிறது, இரண்டு தத்து, மறுபடி ஒரு இலை. ஒரு மண்புழுவை இழுத்து எடுத்ததைக் கண்ணால் பார்த்தேன். இப்போது சற்று முன் தோட்டத்தில் யாரோ விசில் அடித்த மாதிரி இரண்டு சுரத்தில் ஒரு சத்தம். அதுதானா?

கொழும்பிலிருந்து (6.44)

அதுவேதான். விடியக்காலமை ஆறு மணிக்கும் பின்னேரம் ஆறு மணிக்கும் கூப்பிடும். கூப்பிடேக்க தலையைப் பின்னால எறிஞ்சு நிக்கும், அதையும் பாக்கலாம்.

கானாடுகாத்தான்வாசி (6.58)

மகிழ்ச்சி. ஆனால் ஒரு சிக்கல். கல்யாணத்துக்காகத் தோட்டத்தைச் சுத்தம் பண்ண நாளைக்கு ஆள் வருகிறார்கள். இலையையெல்லாம் கூட்டிக் கொளுத்தி, கரையான் மருந்தும் அடிப்பதாக ஏற்பாடு. சித்தப்பாவிடம் சொன்னேன். “கதவு, நிலை, உத்தரம் எல்லாம் பர்மா தேக்கு. ஒரு குருவிக்காகக் கரையானை வளர்க்கச் சொல்கிறாயா? பாம்பு வந்தால்?” என்கிறார். அவர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது, எனக்குப் பதில் தெரியவில்லை.

தேவகோட்டை ரஸ்தா (7.15)

பாம்பு பயம் எங்கள் வீட்டிலும் உண்டு. ஆள் புழங்கும் பாதையை மட்டும் அகலமாகக் கூட்டி வைத்திருக்கிறோம். இருட்டில் டார்ச் இல்லாமல் யாரும் இறங்கக் கூடாது என்று கட்டளை. செங்கல், விறகுக் குவியலை முதலில் அப்புறப்படுத்துங்கள், எலியும் பாம்பும் தங்குவது பெரும்பாலும் அதில்தான்.

செம்புறைக்கல் (7.40)

சித்தப்பாவோடு சண்டை போட வேண்டாம், அவருக்கு வேண்டியதும் கிடைக்கும். வீட்டுச் சுவரிலிருந்து ஐந்தாறு அடிக்கு ஒரு இலைகூட இல்லாமல் சுத்தமாகக் கூட்டிவிடுங்கள். கரையான் மண்கோடு சுவரில் ஏறினால் உடனே கண்ணில் படும், தேக்குக்கு அந்தப் பாதுகாப்புதான் முக்கியம். பந்தல் போடுகிற இடம், பந்தி நடக்கிற இடம், அங்கேயும் கூட்டிக்கொள்ளட்டும். கூட்டியதைக் கொளுத்தாமல் நாவல் மரத்தடியில் கொண்டுபோய்ப் பரப்பச் சொல்லுங்கள். மாமரத்துக்கு அப்பால் கை வைக்க வேண்டாம். விருந்தாளி யாரும் அங்கே போகப் போவதில்லை. வேண்டுமானால் நடுவில் ஒரு தென்னங்கீற்றுத் தட்டி கட்டிவிடுங்கள், பார்வைக்கும் மறைவு.

ஐப்பசி மழையில் அந்த இலைக்கு அடியில் ஈரம் தங்கும். மண்புழுவும் வண்டுப்புழுவும் மேலே வருவது அதனால்தான். கொளுத்தினால் அந்த ஈரம் போச்சு, தீனியும் போச்சு, குருவி வேறு தோட்டம் தேடும். மருந்து அடித்தால் இன்னும் மோசம், மருந்து பட்ட புழுவைத் தின்றுவிடும்.

மருந்து தேவைப்பட்டால் சுவரோரம் துளையிட்டு மண்ணுக்குள் இறக்குகிற முறையில் மட்டும் செய்யச் சொல்லுங்கள். மேலே தெளிக்கக் கூடாது என்பதை நாளைக் காலை ஆள் வந்ததும் நீங்களே நின்று சொல்லுங்கள். இல்லையென்றால் மீதமிருக்கிற மருந்தைத் தோட்டம் முழுக்க அடித்துவிட்டு அதற்கும் சேர்த்துக் கணக்கு எழுதுவார்கள்.

கானாடுகாத்தான்வாசி (8.25)

அந்தக் கடைசி வரியைச் சித்தப்பாவிடம் படித்துக் காட்டினேன். உடனே போனை எடுத்துப் பேசி, தெளிப்பு வேண்டாம், சுவரோரம் மட்டும் என்று சொல்லிவிட்டார். தட்டிக்குக் கீற்று நாளைக்கு வருகிறது.