நர்மதை அணை: பட்டா இல்லாத நிலம் நிலமில்லையா?

ஆற்றங்கரை:
குஜராத்தில் நர்மதை ஆற்றின் குறுக்கே கட்டிய சர்தார் சரோவர் அணையால் எத்தனை குடும்பங்கள் இடம்பெயர்ந்தன என்று கேட்கிறோம். யாரையெல்லாம் கணக்கில் சேர்த்தார்கள் என்று கேட்பதில்லை. நிலத்தில் கால் பங்குக்கு மேல் இழக்கும் குடும்பத்துக்குக் குறைந்தது 2 ஹெக்டேர் பாசன நிலம் தர வேண்டும் என்று 1979-இல், மாநிலங்களுக்கிடையிலான நதிநீர்ச் சிக்கலைத் தீர்க்க அமைத்த நர்மதை நடுவர் மன்றம் தீர்ப்பளித்தது. நல்ல தீர்ப்புதான். ஆனால் பில், பாவ்ரா, தட்வி ஆதிவாசி மக்கள் தலைமுறைகளாக உழுதுவந்த மலைச்சரிவுகளில் பெரும்பகுதி வனத்துறை ஏட்டில் காடு என்றே இருந்ததால், அங்கே சோளம் விளைவித்தவர்கள் ஆக்கிரமிப்பாளர்கள் ஆகிவிட்டார்கள்.

நீரியல்:
ஐயா, உங்கள் வருத்தம் நியாயமானது. ஆனால் பாதிதான் சொல்கிறீர்கள். குஜராத்தின் வறண்ட பகுதிகளுக்கு நீர் தரவும்தான் இந்த அணை. 1986-இல் அங்குள்ள ராஜ்கோட் நகருக்கு ரயிலில் குடிநீர் கொண்டுபோனார்கள். கட்ச், சௌராஷ்டிரப் பெண்கள் குடம் சுமந்து நடந்த தூரமும் மனிதத் துயரம்தானே? மேலும், பட்டா இல்லாதவர்களுக்கும் 2 ஹெக்டேர் தரும் கொள்கையை குஜராத் அரசு 1987-இலேயே கொண்டுவந்துவிட்டது. உச்ச நீதிமன்றமும் 2000-இல் பெரும்பான்மைத் தீர்ப்பில் அணைப் பணியைத் தொடர அனுமதித்தது.

ஆற்றங்கரை:
குஜராத்தின் கொள்கையை நானும் மதிக்கிறேன். ஆனால் நீரில் மூழ்கும் சுமார் 245 ஊர்களில் குஜராத்தில் இருப்பவை 19 மட்டுமே. மற்றவை மத்தியப் பிரதேசத்திலும் மகாராஷ்டிரத்திலும் உள்ளவை, அங்கே பட்டா இல்லாதவர்களுக்கு இந்தச் சலுகை அன்று கிடையாது. அன்றைய நிலையில் முறையான மறுகுடியமர்வு சாத்தியமில்லை என்று உலக வங்கியே அமைத்த மோர்ஸ் குழு 1992-இல் எழுதியது. அடுத்த ஆண்டே, அணைக்கு அந்த வங்கி தந்துவந்த கடன் நின்றுபோனது.

நிலம் கிடைத்தவர்களையும் பார்த்திருக்கிறேன். பிரித்தெடுத்து வந்த பழைய வீட்டின் தேக்குத் தூண்களைத் தகரக் கூரைக்கு முட்டுக் கொடுத்திருந்தார் ஒரு முதியவர். ஆற்றில் மீனும், காட்டில் விறகும் இலுப்பைப்பூவும் காசில்லாமல் கிடைத்தவருக்கு, இங்கே அடுப்பெரிக்கவே காசு வேண்டும். இந்த இழப்பை எந்தப் படிவத்தில் எழுதுவது?

நீரியல்:
படிவத்தில் அதற்கு இடமில்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் அது மறுகுடியமர்வைச் செய்த விதத்தின் குறையே தவிர, அணை வேண்டாம் என்பதற்கான காரணமாகாது.

தமிழ்ச்செல்வி:
இருவருமே மூழ்கிய ஊர்களைப் பற்றி மட்டும் பேசுகிறீர்கள். அணைப் பணியாளர் குடியிருப்புக்காக 1961-இல் அணைக்கு அருகிலுள்ள கேவடியாவைச் சுற்றி ஆறு ஊர்களின் நிலத்தை எடுத்தார்கள். அந்த நிலம் நீரில் மூழ்கவில்லை என்பதாலேயே, நடுவர் மன்றத் தீர்ப்பின்படி அந்த ஆதிவாசிகள் அணையால் பாதிக்கப்பட்டவர்களே அல்லர்.