நடித்தவர் இயக்குநராகும்போது கைக்கு வருவது என்ன?

மாலதி:
வயதுவந்தோருக்கான படங்களில் நடித்த பெண்கள் சிலர் அதே துறையில் இயக்குநர்களானதைப் பற்றிப் படித்துவருகிறேன். இந்த மாற்றத்தால் அவர்களுக்கு உண்மையில் கிடைத்தது என்ன? கூடுதல் வருமானமா, முடிவெடுக்கும் உரிமையா?

சிவகுமார்:
கேண்டிடா ராயலின் வாழ்க்கையைப் பாருங்கள். 1950இல் நியூயார்க்கில் பிறந்த அவர், 1970களின் நடுவில் நடிக்க வந்து, சில ஆண்டுகளில் நடிப்பை விட்டு, 1984இல் ஃபெம் புரொடக்‌ஷன்ஸ் என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கினார். என்னைப் பொறுத்தவரை ‘நிறுவனம்’ என்பதுதான் இங்கே முக்கியமான சொல். அத்துறையில் நடிப்பவருக்குப் பொதுவாகப் பேசிய கூலி மட்டுமே உண்டு. ஒப்புதல் தாளில் கையெழுத்திட்டுப் பணத்தை எண்ணி வாங்கிய பிறகு, அந்தப் படம் எத்தனை ஆண்டுகள் விற்றாலும், அதிலிருந்து காட்சிகளை வெட்டி வேறு தொகுப்பில் சேர்த்தாலும் அவருக்குப் பங்கில்லை. ராயல் அந்தத் தாளின் மறுபக்கத்துக்கு, அதாவது கூலி கொடுத்துப் படத்தின் உரிமையை வைத்துக்கொள்பவரின் இடத்துக்குப் போனார். வீடியோ கேசட் வீட்டுக்குள் வந்திருந்த காலம் அது. திரையரங்குக்கு வரத் தயங்கிய பெண்களும் தம்பதியரும் பார்வையாளர்களாவார்கள் என்று நம்பி, பெண்ணின் விருப்பத்தை மையமாக வைத்துக் கதை சொன்னார்.

ரேவதி:
அவர் தனியாக அந்த இடத்துக்கு வந்துவிடவில்லை என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். 1983இல், நடிகை வெரோனிகா ஹார்ட்டின் வளைகாப்பு போன்றதொரு விருந்தில் கூடிய தோழிகள், இன்னொரு நடிகையான ஆனி ஸ்ப்ரிங்கிள் நியூயார்க்கில் குடியிருந்த லெக்சிங்டன் அவென்யூ 90ஆம் எண் வீட்டில் தொடர்ந்து சந்தித்து, மனம்விட்டுப் பேசத் தொடங்கினார்கள். கதவிலக்கத்தை வைத்தே ‘கிளப் 90’ என்று பெயரிட்டார்கள். ராயலும் அவர்களுள் ஒருவர். ஹார்ட்டும் பின்னர் இயக்குநரானார்.

அன்வர்:
இயக்குநர் என்ற பெயர் மட்டும் போதாது என்பதே என் கருத்து. வேறொரு தயாரிப்பாளரிடம் கூலிக்கு இயக்குபவர், படத்தின் உரிமையைப் பொறுத்தவரை நடிகரைப் போலவே வெறுங்கையோடு வீடு திரும்புகிறார். உரிமையாளரானாலோ சட்டத்தின் சுமை தலையில் ஏறும். கலிபோர்னியாவில் நடிகர்களுக்குக் கூலி கொடுத்த ஹரால்ட் ஃப்ரீமன் என்ற தயாரிப்பாளர்மீது விபசாரத்துக்கு ஆள் சேர்த்ததாக வழக்குத் தொடரப்பட்டது. 1988இல் மாநில உச்ச நீதிமன்றம்தான் அவர் தண்டனையை நீக்கியது. நடிகராக மட்டும் இருந்தவரை, ஆள் சேர்த்ததாக வழக்கு வருமோ என்ற கவலை ராயலுக்கு இருந்திருக்காது.

மாலதி:
அப்படியானால் நான் தேட வேண்டியது ஒப்பந்தங்களையும் கணக்குகளையும்தான்.

சிவகுமார்:
ஆம். 2015இல் மறைந்த ராயலின் நாட்குறிப்புகளும் ஆவணங்களும் ஹார்வர்டின் ஷ்லெசிங்கர் நூலகத்தில் இருக்கின்றன, அங்கிருந்து தொடங்குங்கள்.