‘நூலகம்’ என்றால் மாணவன் புத்தகத்தை நினைக்கிறான்: திரை டிரைவர் பாடத்துக்கு இரண்டு சொற்கள்

பாளையங்கோட்டை, திங்கள் இரவு

குழுவினர் அனைவருக்கும் வணக்கம்.

எங்கள் பாலிடெக்னிக் மாணவர்களுக்காகக் கணினிப் பராமரிப்புச் செய்முறைக் கையேடு ஒன்றைத் தமிழில் எழுதி வருவதைப் பலரும் அறிவீர்கள். வெள்ளிக்கிழமை அச்சகத்தில் கொடுத்தாக வேண்டும். திரைக்காட்சிக்கான டிரைவர் குறித்த ஏழாம் பாடம் மட்டும் இரண்டு சொற்களால் நின்றுபோயிருக்கிறது: ஒன்று, கணினியின் வன்பொருளை இயங்கச் செய்யும் மென்பொருளாகிய டிரைவர்; மற்றொன்று, பல மென்பொருள்களும் பொதுவாகப் பயன்படுத்தும் நிரல்களின் (கணினிக் கட்டளைகளின்) தொகுப்பாகிய லைப்ரரி. முன்னதை ‘இயக்கி’ என்றும் பின்னதை ‘நூலகம்’ என்றும் எழுதும் வழக்கம் ஏற்கெனவே இருக்கிறது. ‘இயக்கி’யில் எனக்குத் தடை இல்லை. ‘நூலகம்’ என்பதை ஏற்க மனம் ஒப்பவில்லை. அச்சொல் ஒரு மாணவனை வழிதவறச் செய்ததை நானே பார்த்தேன்.

சென்ற மாதம் ஆய்வகக் கணினி ஒன்றில் விண்டோஸைப் புதிதாக நிறுவினோம். அதன்பின் முப்பரிமாண வரைபட மென்பொருளைத் திறந்தால், முப்பரிமாணப் படம் வரைவதற்கான பொதுக் கட்டளை வரையறையாகிய ஓபன்ஜிஎல்லின் 2 அல்லது அதற்கு மேற்பட்ட பதிப்பு வேண்டும் என்று சொல்லி நின்றுவிட்டது. டிஎல்எல் என்பது நூலகக் கோப்பு என்று நான் வகுப்பில் சொன்னதை நினைவில் வைத்திருந்த ஒரு மாணவன், ஏதோ ஓர் இணையதளத்திலிருந்து ‘ஓபன்ஜிஎல்32.டிஎல்எல்’ என்னும் ஒரே ஒரு கோப்பைப் பதிவிறக்கி, அந்த மென்பொருளின் கோப்புறைக்குள் போட்டுவிட்டான். மென்பொருள் இருக்கும் கோப்புறையில்தான் விண்டோஸ் இத்தகைய கோப்பை முதலில் தேடும். ஆகவே அவன் கொண்டுவந்ததையே எடுத்துக்கொண்டது. கோப்போ 32 பிட், மென்பொருளோ 64 பிட்; இரண்டும் ஒன்றோடொன்று சேராதவை. அதுவரை பிழைச்செய்தியையாவது காட்டிக்கொண்டிருந்த மென்பொருள் அதன்பின் திறக்கவே இல்லை. ஏன் இப்படிச் செய்தாய் என்று கேட்டேன். “நம்ம நூலகத்தில் இல்லாத புத்தகத்தை வேறு நூலகத்தில் வாங்கி வைப்பதுபோலத்தானே, மிஸ்?” என்றான். அவனைக் கடிந்துகொள்ள எனக்கு வாய் வரவில்லை.

உண்மையில் அந்தப் பெயருள்ள கோப்பு மைக்ரோசாஃப்ட் விண்டோஸுடனேயே தருவது. அது ஒரு வாசல் மட்டுமே. வரைகலை அட்டையைச் செய்தவர்கள் தரும் டிரைவர் தொகுப்பில் வேறொரு டிஎல்எல் இருக்கும். அதைக் கண்டுபிடித்து வேலையை ஒப்படைப்பதே இதன் பணி. அது கிடைக்காதபோது, தன்னிடமுள்ள ஓபன்ஜிஎல் 1.1 என்னும் மிகப் பழைய பதிப்பைக் கொண்டு, அட்டையின் துணையில்லாமல் மையச் செயலகத்தாலேயே வரைந்து ஒப்பேற்றும். எங்கள் கணினியில் அட்டைக்குரிய டிரைவரே நிறுவப்படாமல், விண்டோஸின் அடிப்படைக் காட்சி டிரைவர்தான் ஓடிக்கொண்டிருந்தது. மாணவன் போட்ட கோப்பை நீக்கிவிட்டு, உரிய தொகுப்பை முழுமையாக நிறுவியதும் சரியாயிற்று.

ஆகவே, தனியே எடுத்துச் செல்லத்தக்க பொருள் என்ற எண்ணத்தைத் தராமல், பல மென்பொருள்களுக்கும் பொதுவாக நின்று, தன் கூட்டுக் கோப்புகளோடு சேர்ந்தே பயன்படுவது என்ற கருத்தைத் தரும் சொல் ஒன்று வேண்டும். வியாழன் இரவுக்குள் உதவுங்கள்.

தென்காசி, செவ்வாய் காலை

அன்புள்ள அம்மா,

இயக்கியில் தடை இல்லை என்று ஒரே வரியில் கடந்துவிட்டீர்கள். நம் நெல்லைச் சீமையில் அச்சொல்லை அவ்வளவு எளிதில் கடக்க முடியாது. ‘இயக்கு’ என்னும் பிறவினையோடு ‘இ’ விகுதி சேர்ந்து, மண்வெட்டி, பாக்குவெட்டி என்பவற்றைப்போலக் கருவிப்பொருள் தரும் இயக்கி ஒன்று. யட்சி என்னும் வடசொல்லின் தமிழ் வடிவமாகிய இயக்கி மற்றொன்று. சிலப்பதிகாரத்து அடைக்கலக் காதையில், மதுரைக்குப் புறத்தே இருந்த பூங்கண் இயக்கிக்குப் பால்மடை கொடுத்துத் திரும்பும் வழியில்தான் மாதரி கவுந்தியடிகளைக் காண்கிறாள். கழுகுமலைச் சமணச் சிற்பங்களிலும் இயக்கியர் உண்டு. உயிர் ‘உசிர்’ ஆவதுபோல, முயல் ‘மொசல்’ ஆவதுபோல, இயக்கி நம் பக்கத்தில் இசக்கி ஆனாள். உங்கள் வகுப்பிலேயே அப்பெயருடையோர் இருவர் மூவர் இருப்பார்கள்.

மாணவர்கள் குழம்புவார்களோ என்று நீங்கள் அஞ்ச வேண்டாம். இரண்டும் பிறப்பால் வேறு வேறு சொற்கள் என்பதை அறிந்தே ஒன்றைச் சொல்கிறேன். பூங்கண் இயக்கி நகரின் புறத்தே இருந்தாள். இசக்கியம்மன் ஊரெல்லையில் நிற்கிறாள். உங்கள் காட்சி இயக்கியும், இயங்குதளத்துக்கும் வன்பொருளுக்கும் நடுவிலுள்ள எல்லையில் நின்று, வருவதையும் போவதையும் பார்த்துக்கொள்வதாகவே நான் விளங்கிக்கொண்டேன். மடை என்ற சொல்லையும் கவனியுங்கள். தெய்வத்துக்கு இடும் உணவும் மடை; தாமிரபரணிக் கால்வாயிலிருந்து வயலுக்கு நீர் திறக்கும் வாயும் மடை. உரியதை உரியவருக்குச் சேர்ப்பது என்ற கருத்து இரண்டிலும் இருப்பதாக எனக்கு நெடுநாளாக ஓர் எண்ணம். அதை வேறொரு நாள் விரிவாக எழுதுவேன்.

நூலகத்துக்கு வருகிறேன். நூல் என்னும் சொல் இழையையும் குறிக்கும். பனுவல் இயற்றுவதை நூல் நூற்பதோடு ஒப்பிட்டுச் சொல்கிறது நன்னூல். ஆயினும் மாணவன் காதில் விழுவது புத்தகமே என்பதால், இதை விட்டுவிடுவதற்கு நானும் உடன்படுகிறேன். அதற்குப் பதிலாகப் ‘பகிர்நிரல்’ என்று சொல்லலாம். நிரல் என்பதற்கு வரிசை என்று பொருள். நிரல்நிறைப் பொருள்கோளை நினைத்துப் பாருங்கள். பகிர்நிரல் வினைத்தொகையாதலால், முன்பு பகிர்ந்ததும், இப்போது பகிர்கின்றதும், இனிப் பகிர்வதும் ஒரே சொல்லில் அடங்கும். பல மென்பொருள்கள் ஒரே கோப்பை ஒரே நேரத்தில் ஆள்கின்றன என்று முன்பொரு முறை இங்கே எழுதினீர்கள். அதற்கு இதைவிடப் பொருத்தமான தொகை எனக்குத் தெரியவில்லை.

கோவில்பட்டி, செவ்வாய் இரவு

டீச்சருக்கும் ஐயாவுக்கும் வணக்கம்.

இருபது ஆண்டுகளாகக் கணினி பழுதுபார்க்கும் கடை வைத்திருக்கிறேன். கடைக்கு வருகிறவர் எவரும் ‘காட்சி இயக்கி பழுதாகிவிட்டது’ என்று சொன்னதில்லை. ‘டிஸ்ப்ளே டிரைவர் போயிருச்சு’ என்றுதான் சொல்கிறார். உங்கள் மாணவன் நாளைக்கு என்னைப் போன்ற ஒருவரிடம் வேலைக்குச் சேருவான். திரையில் வரும் பிழைச்செய்தி ஆங்கிலத்தில் இருக்கும். அதிலுள்ள சொல்லும் கையேட்டிலுள்ள சொல்லும் ஒன்றுதான் என்று அவனுக்கு அந்த நேரத்தில் தோன்றாவிட்டால், கையேடு அவனுக்குத் துணையாக வராது. டிரைவர், டிஎல்எல் என்று தமிழ் எழுத்தில் எழுதிவிடுங்கள் என்பதே என் வேண்டுகோள். பஸ்ஸும் சைக்கிளும் நம்மிடையே தமிழாகவே வாழவில்லையா?

ஐயா சொல்லும் பகிர்நிரலில் எனக்கு வேறொரு தயக்கமும் உண்டு. சில நாள் இலவசமாக ஓடிப் பிறகு பணம் கேட்கும் மென்பொருளைப் பகிர்மென்பொருள் என்று எழுதுகிறார்கள். இரண்டையும் பையன்கள் கலந்துவிடுவார்கள். ஆனால் ஐயாவின் பக்கமும் ஒரு நியாயம் இருப்பதைச் சொல்லிவிட வேண்டும். டிஎல்எல் விண்டோஸின் பெயர்தான். மற்றோர் இயங்குதளமாகிய லினக்ஸில் இதே வேலையைச் செய்யும் கோப்பின் பெயர் ‘.எஸ்ஓ’ என்று முடியும். பகிரப்படும் பொருள் என்பதே அதன் விரிவு. 1993இல் தொடங்கிய மெசா என்னும் மென்பொருள் திட்டம் இன்றும் லினக்ஸில் திறந்தமூல வரைகலைக்கு இத்தகைய கோப்புகளைத்தான் தருகிறது. ஆகவே டிஎல்எல் என்று மட்டும் எழுதினால் லினக்ஸ் படிக்கிறவனுக்குச் சொல் இல்லாமல் போகும் என்பதை நானே ஒப்புக்கொள்கிறேன்.

பாளையங்கோட்டை, வியாழன் இரவு

ஐயாவுக்கும் அண்ணாச்சிக்கும் நன்றி.

நேற்று ஆய்வகத்தில் நேர்ந்த ஒன்றைச் சொல்லிவிட்டு முடிவுக்கு வருகிறேன். லினக்ஸ் கணினி ஒன்றில் வரைகலைத் தொகுப்பைப் புதுப்பித்த கையோடு, மறுதொடக்கம் செய்யாமல், அட்டையின் நிலையைக் காட்டும் கட்டளையை ஒரு மாணவி இயக்கினாள். டிரைவரின் பதிப்பும் லைப்ரரியின் பதிப்பும் ஒத்துப்போகவில்லை என்று ஒரே வரியில் செய்தி வந்தது. நாம் நான்கு நாளாகத் தேடும் சொற்கள் இரண்டும் அந்த ஒரே வரியில் அடுத்தடுத்து நின்றன. இயங்குதளத்தின் மையப் பகுதியாகிய கருவகத்தில் (கெர்னல்) பழைய டிரைவர் ஏற்றப்பட்டபடியே இருக்க, வட்டில் லைப்ரரிக் கோப்புகள் மட்டும் புதியவையாக மாறியிருந்தன. மறுதொடக்கம் செய்ததும் இரண்டும் ஒத்துப்போயின. விண்டோஸிலும் விஸ்டா என்னும் பதிப்பின் காலம் தொட்டு, கருவகத்தில் ஓடும் பகுதி, மென்பொருளோடு ஓடும் டிஎல்எல் பகுதி என்று காட்சி டிரைவர் இரண்டாகப் பிரிந்தே வருகிறது. ஒன்றை மட்டும் தனியே மாற்றக் கூடாது என்பதை மாணவர் உணர வேண்டுமானால், இரண்டுக்கும் இரண்டு தெளிவான பெயர்கள் வேண்டும். அண்ணாச்சி சொல்வதுபோல டிரைவர், டிஎல்எல் என்று மட்டும் எழுதினால், டிஎல்எல்லும் டிரைவரின் ஒரு பகுதிதான் என்பதை நான் எப்படி விளக்குவேன்?

கரும்பலகையில் நூலகம், நிரலோடு அகம் சேர்ந்த நிரலகம், பகிர்நிரல் ஆகிய மூன்றையும் எழுதிக் கேட்டேன். சீவலப்பேரிப் பக்கத்துப் பையன் ஒருவன், “எங்க ஊர்ல அண்டா, குத்துப்போணி எல்லாம் ஊர்ப் பொதுவில் இருக்கும், கல்யாண வீட்டுக்காரர் எடுத்துக்கொள்வார், அதுபோலவா?” என்றான். ஏறத்தாழ அதுதான், ஆனால் ஒரு வீட்டில் இருக்கும் அண்டா அதே நாளில் மற்றொரு வீட்டில் இருக்காது, நினைவகத்தில் ஒருமுறை ஏற்றிய லைப்ரரியோ பத்து மென்பொருளுக்கும் ஒரே நேரத்தில் உதவும் என்று சொன்னேன். உடனே புரிந்துகொண்டார்கள். ஆயினும் சொல்லைத் தேர்ந்தெடுக்கச் சொன்னபோது பெரும்பாலோர் நிரலகத்துக்கே கை தூக்கினார்கள். பகிர்நிரலோடு கோப்பைச் சேர்த்தால் புணர்ச்சி விதிப்படி ‘பகிர்நிரற்கோப்பு’ ஆகிறது. அதை வாய்விட்டுப் படிக்கச் சொன்னபோது வகுப்பே தடுமாறியது.

எனவே கையேட்டில் ‘இயக்கி’, ‘நிரலகம்’ என்று எழுதுகிறேன். ஒவ்வொரு பாடத்திலும் முதன்முறை வரும் இடத்தில் டிரைவர், லைப்ரரி, டிஎல்எல், எஸ்ஓ ஆகியவற்றையும் தமிழ் எழுத்தில் உடன் தருகிறேன். அண்ணாச்சி இதற்கு இசைந்து தனியே எழுதியிருக்கிறார். இதற்கு மேல் காத்திருக்க நாள் இல்லை.

தென்காசி, வெள்ளி விடியற்காலை

அம்மா,

பெரும்பான்மைக்குக் கட்டுப்படுகிறேன், ஆனால் உடன்படவில்லை என்பதைக் குழு பதிவு செய்துகொள்ள வேண்டும். நிரலகத்தில் உள்ள ‘அகம்’ இடத்தைக் குறிக்கிறது. எந்த இட எண்ணம் அந்த மாணவனை வழிதவறச் செய்ததோ, அதே எண்ணம் இச்சொல்லிலும் அப்படியே தங்கியிருக்கிறது. சென்னை மாகாணத் தமிழ்ச் சங்கத்தார் 1930களில் நம் நெல்லையிலிருந்து கலைச்சொற்களைத் தொகுத்தபோதும், முதலில் நாவுக்கு வராத சொற்கள் பல இருந்திருக்கும். கடற்கரை என்று நாள்தோறும் சொல்லும் பிள்ளைகளுக்கு நிரற்கோப்பு மட்டும் வராதா? அடுத்த பதிப்பில் இதை மீண்டும் கேட்பேன்.

மெய்ப்புத் திருத்தும்போது ‘இயக்கிக் கோப்பு’, ‘நிரலகக் கோப்பு’ என்று இரண்டு இடத்திலும் ஒற்று மிகுந்திருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். நீங்கள் அனுப்பிய பக்கத்தில் முதலாவது விடுபட்டிருக்கிறது.